அலமேலு: பாட்டி பெயரின் பொருளும் பிறப்பும், இன்று அதை எந்த வடிவில் வைப்பது

பிறந்திருக்கும் பெண் குழந்தைக்குக் கொள்ளுப்பாட்டியின் பெயரான அலமேலுவை வைக்க வீட்டுப் பெரியவர்கள் ஆசைப்படுகிறார்கள். பெயருக்கு என்ன பொருள், அது தமிழா தெலுங்கா, இந்தக் காலத்துப் பெண்ணுக்குப் பொருந்துமா, அலமேலு என்றே வைப்பதா, அலர்மேல்மங்கை என்று வைப்பதா, சுருக்கமாக அலர் என்றால் போதாதா என்று கேட்டிருக்கிறீர்கள்.

முதலில் நேரடிப் பதில். பெயர் தமிழ்தான். தாமரை மேல் வீற்றிருக்கும் மங்கை, அதாவது திருமகள் என்பது பொருள். நம்மாழ்வார் பாசுரத்தில் முழு வடிவம் இருக்கிறது. அந்த வடிவம் தெலுங்கு நாவில் பழகி, ஒலி மாறி நம்மிடமே திரும்பியதால்தான் 'அலமேலு' வேற்றுமொழிப் பெயர் போலக் காதில் விழுகிறது. தாராளமாக வைக்கலாம். எந்த வடிவில் வைப்பது என்பதற்கு மட்டும் கொஞ்சம் யோசனை வேண்டும். அதற்குப் பெயர் எப்படி உண்டானது என்று தெரிந்திருந்தால் நல்லது.

அலர் + மேல் + மங்கை. மூன்றும் தமிழ்ச் சொற்கள். அலர்தல் என்றால் இதழ் விரிதல். பூவின் பருவங்களை அரும்பு, மொட்டு, முகை, மலர், அலர், வீ, செம்மல் என்று ஏழாக அடுக்குவார்கள். அதில் அலர் ஐந்தாவது: இதழ்கள் எல்லாம் விரிந்து முடிந்த நிலை. அதற்கடுத்த வீ உதிரும் பூ, செம்மல் வாடிய பூ. ஆக, பூ தன் முழு அழகில் இருக்கும் கணத்தைச் சொல்வது அலர். மங்கை என்பதும் இப்படி ஒரு வரிசையில் வரும் சொல்தான். பேதை, பெதும்பை, மங்கை, மடந்தை, அரிவை, தெரிவை, பேரிளம்பெண் என்று பெண்ணின் ஏழு பருவங்களைச் சொல்லும்போது 12, 13 வயதைக் குறிப்பது மங்கை. ஆனால் தெய்வப் பெயரில் அந்தக் கணக்கைப் பார்க்க வேண்டாம். இளமை மாறாத பெண் என்ற பொதுப்பொருளே அங்கே வருகிறது.

எந்தப் பூ என்று பெயர் சொல்லவில்லை என்பதைக் கவனியுங்கள். தாமரை என்ற சொல்லே இல்லை. விரிந்த பூவின் மேல் இருப்பவள் என்றாலே கேட்பவருக்கு யாரென்று தெரிந்துவிடும் என்ற நம்பிக்கையில் பிறந்த பெயர் இது. அந்த நம்பிக்கைக்குத் தமிழில் நெடிய பின்னணி உண்டு. சோம்பல் இல்லாதவனின் முயற்சியில் திருமகள் தங்குவாள் என்று சொல்ல வந்த வள்ளுவர், 617ஆம் குறளில் அவளைத் 'தாமரையினாள்' என்கிறார். வடமொழியில் பத்மாவதி, பத்மா என்றெல்லாம் வழங்குவதும் இதே கருத்துத்தான். ஆனால் அலர்மேல்மங்கை பத்மாவதியின் மொழிபெயர்ப்பு என்று சிலர் எழுதுவது பொருந்தாது. பத்மாவதி என்றால் தாமரையை உடையவள். அலர்மேல்மங்கை என்றால் பூவின் மேல் இருப்பவள். ஒன்று உடைமையைச் சொல்கிறது, மற்றது கண்முன் ஒரு காட்சியை நிறுத்துகிறது.

இனிப் பாசுரம். நம்மாழ்வாரின் திருவாய்மொழியில் ஆறாம் பத்தின் பத்தாம் திருமொழி முழுவதும் திருவேங்கடமுடையானை நோக்கிப் பாடியது. அதில் பத்தாவது பாட்டு இப்படித் தொடங்கும்:

"அகலகில்லேன் இறையும் என்று அலர்மேல் மங்கை உறை மார்பா"

அகலகில்லேன் என்ற ஒரு சொல்லில் நின்று பார்க்க வேண்டும். 'அகல மாட்டேன்' என்பது இதற்குச் சரியான உரை ஆகாது. கில் என்பது ஆற்றலைக் குறிக்கும் பழைய துணைவினை. அதனால் 'அகல என்னால் இயலாது' என்று பொருள். இறையும் என்றால் சிறிது நேரம்கூட. "கணப்பொழுதும் பிரிய என்னால் ஆகாது என்று சொல்லி அலர்மேல்மங்கை வாழும் மார்பை உடையவனே" என்று ஆழ்வார் கூப்பிடுகிறார். பாட்டு முடியும்போது, வேறு புகல் இல்லாத அடியேன் உன் அடிக்கீழ் அமர்ந்து புகுந்தேன் என்று சரணடைகிறார். வைணவ உரையாசிரியர்கள் இந்தப் பாசுரத்தைத் துவய மந்திரத்தின், அதாவது சரணடையச் சொல்லும் மந்திரத்தின், விரிவாகவே கொள்கிறார்கள். தாயாரை முன்னிட்டே பெருமாளை அடைய வேண்டும் என்பது அவர்கள் நெறி. இங்கே பெருமாளைக் கூப்பிடும் விளியிலேயே தாயாரின் பெயர் முந்திக்கொண்டு வருகிறது. ஆயிரத்துக்கும் மேற்பட்ட திருவாய்மொழிப் பாசுரங்களில் சரணாகதிப் பாசுரம் என்று தனித்துச் சுட்டப்படும் இந்தப் பாட்டில் உங்கள் கொள்ளுப்பாட்டியின் பெயர் இருக்கிறது. பெயருக்குப் பொருள் கேட்பவர்களிடம் இந்த ஒரு வரியைச் சொல்லிக் காட்டினால் போதும்.

அலர்மேல்மங்கை எப்படி அலமேலு ஆனாள்? தொல்காப்பியப் பாயிரம் தமிழ்கூறும் நல்லுலகத்தின் எல்லைகளை 'வடவேங்கடம் தென்குமரி' என்று சொல்கிறது. வேங்கடம் வடக்கு எல்லை. அந்த மலையின் அடிவாரத்தில் இரு மொழிகளும் எப்போதும் பக்கத்துப் பக்கத்தில் புழங்கின. தமிழில் ஐகாரத்தில் முடியும் சொற்கள் பல தெலுங்கில் அகரத்தில் முடியும். நம் தலை அங்கே தல. நம் மலை அங்கே மல. அதே வழியில் மங்கை மங்க ஆனாள். மெய்யெழுத்தில் சொல்லை முடிப்பது தெலுங்கு இயல்பு அன்று. அதனால் மேல் என்பது மேலு ஆயிற்று. மேலு என்றால் தெலுங்கில் நன்மை என்றும் பொருள் உண்டு. ஆகவே அந்தக் காதுக்கு இந்த மாற்றம் இன்னும் இனிமையாகவே ஒலித்திருக்கும். நடுவில் இருந்த ரகர ஒற்று பேச்சு வேகத்தில் தேய்ந்தது. பார்த்து என்பதை நாம் பாத்து என்று பேசுவதுபோல. இப்படி வந்ததுதான் அலமேலுமங்க.

அந்த வடிவத்தை நிலைநிறுத்தியவர் அன்னமாச்சாரியார். 1408 முதல் 1503 வரை வாழ்ந்தவர். வேங்கடவன் மீது அவர் பாடிய தெலுங்குக் கீர்த்தனைகளில் ஆயிரக்கணக்கானவை செப்பேடுகளில் பொறிக்கப்பட்டுத் திருமலையில் கிடைத்தன. சிருங்காரக் கீர்த்தனைகளில், அதாவது காதல் பாடல்களில், அலமேலுமங்கதான் தலைவி. அவள் ஊடல், அவள் நாணம், அவள் அலங்காரம் என்று பாட்டுக்குப் பாட்டு வருகிறாள். பத்மாவதித் தாயார் கோயில் கொண்ட திருச்சானூருக்கு அலமேலுமங்காபுரம் என்றும் பெயர். தமிழ்நாட்டிலிருந்து திருப்பதிக்குப் போனவர்கள் வேண்டிக்கொண்டு பிறந்த பெண்ணுக்கு அங்கே காதில் விழுந்த வடிவத்திலேயே பெயர் வைத்தார்கள். மங்கா ஒரு பெயராகவும் அலமேலு ஒரு பெயராகவும் பிரிந்து தனித்தனியாக வழங்கத் தொடங்கின. சென்னை மயிலாப்பூரிலும் ஓர் அலமேலுமங்காபுரம் இருக்கிறது.

சிலர் இந்தப் பெயரை அலை + மேல் என்று பிரித்து, பாற்கடல் அலைமேல் பிறந்தவள் என்று விளக்கம் சொல்வார்கள். திருமகளுக்கு அலைமகள் என்ற பெயர் இருப்பதால் அப்படித் தோன்றுவது இயல்பு. ஆனால் சொல் வந்த வழி அது அல்ல. முழு வடிவம் கண்ணெதிரே பாசுரத்தில் இருக்கும்போது வேறு வேர் தேட வேண்டியதில்லை.

ஒரு குறிப்பிட்ட சாதியின் பெயர் என்ற எண்ணமும் பலருக்கு உண்டு. அதுவும் சரியல்ல. ஐயங்கார் வீடுகளில் மட்டுமல்ல, செட்டிநாட்டு நகரத்தார் வீடுகளிலும் இருந்தது. அலமேலு ஆச்சி என்ற பெயர் அங்கே எத்தனையோ குடும்பங்களில் உண்டு. நாயுடு, முதலியார் வீடுகளிலும் திருப்பதியைக் குலதெய்வமாகக் கொண்ட மற்றக் குடும்பங்களிலும் அலமேலம்மாக்கள் இருந்தார்கள். பெயரைத் தீர்மானித்தது வேங்கடவன் மேல் இருந்த பக்தி.

பழைய வைணவப் பெண் பெயர்களைக் கேட்டே குடும்பத்தின் மனம் எந்தக் கோயிலில் இருந்தது என்று பெரும்பாலும் சொல்லிவிடலாம். பெருந்தேவி என்றால் காஞ்சிபுரம். செங்கமலம் என்றால் மன்னார்குடி. வேதவல்லி என்றால் திருவல்லிக்கேணி. கோமளவல்லி என்றால் குடந்தை சாரங்கபாணி கோயில். கனகவல்லி என்றால் திருவள்ளூர். ரங்கநாயகி என்றால் சொல்லவே வேண்டாம். அலமேலு என்றால் திருப்பதி. உங்கள் குடும்பத்தில் இந்தப் பெயர் எப்படி வந்தது என்று தெரியாவிட்டால் இந்த இழையைப் பிடித்து வீட்டு மூத்தவர்களிடம் கேட்டுப் பாருங்கள். ஒரு திருப்பதி வேண்டுதலோ, அந்தப் பக்கமிருந்து இடம்பெயர்ந்து வந்த கதையோ அகப்படக்கூடும். பின்னால் இன்னொரு பெண் பிறந்தால் இணையாக வைக்கவும் இந்த வரிசையே நல்ல களஞ்சியம்.

இவ்வளவு நல்ல பெயர் ஏன் வழக்கொழிந்தது? இரண்டு பக்கமும் அதைக் கைவிட்டதுதான் காரணம் என்று நினைக்கிறேன். 1916இல் மறைமலையடிகள் தொடங்கிய தனித்தமிழ் இயக்கமும் அதன்பின் வந்த தமிழுணர்ச்சியும் மலர்விழி, தமிழ்ச்செல்வி, பூங்கொடி போன்ற அழகான பெயர்களைக் கொண்டுவந்தன. அந்த வரிசையில் அலர்மேல்மங்கை முதல் ஆளாக நின்றிருக்க வேண்டியவள். ஆனால் மக்கள் வாயில் இருந்தது அலமேலு. அதன் தமிழ் முகம் ரகர ஒற்றோடு தேய்ந்துபோயிருந்ததால் தமிழ்ப்பெயர் தேடியவர்கள் கண்ணில் படவில்லை. மறுபக்கம், புதுமை விரும்பியவர்கள் ஷ, ஸ்ரீ, ஜ வரும் பெயர்களுக்குப் போனார்கள். வல்லின ஓசையோ கிரந்த எழுத்தோ ஒன்றுகூட இல்லாத அலமேலு அவர்களுக்குச் சாதுவாகத் தெரிந்தது. இடையில் சிக்கிப் பாட்டிகளோடு நின்றுவிட்டது.

அந்தச் சாதுத்தன்மைதான் இன்று இதன் கவர்ச்சி. அ, ல, மே, லு. இடையின லகரம் இரண்டு, மெல்லின மகரம் ஒன்று. காற்றைத் தடுத்து வெடித்து வரும் ஒலி ஒன்றும் இல்லை. யாப்பில் அலகிட்டால் அல நிரை, மே நேர், லு நேர்: புளிமாங்காய் வாய்பாடு. அலமேலு, புளிமாங்காய் என்று மாற்றி மாற்றிச் சொல்லிப் பாருங்கள், சந்தம் ஒன்றாக ஓடும். நடுவில் ஒரு நெடில் இருப்பதால் கூப்பிடவும் வசதி. மாடியிலிருந்து குரல் கொடுத்தால் 'மே' நீண்டு ஒலிக்கும், பெயரின் மற்ற எழுத்துகள் சிதையாது. முதலெழுத்தில் மட்டும் நெடில் உள்ள பெயர்களில் ஈற்றெழுத்துகள் தூரத்துக்குப் போய்ச் சேராது. பெயர் வைக்குமுன் இந்தச் சோதனையை எந்தப் பெயருக்கும் செய்து பார்க்கலாம்: பக்கத்து அறையில் ஒருவரை நிறுத்தி, குரலை உயர்த்தியும் தாழ்த்தியும் பத்து முறை கூப்பிட்டு, முழுப்பெயரும் காதில் விழுகிறதா என்று கேளுங்கள்.

செல்லமாகக் கூப்பிட அலமு காலம்காலமாக இருக்கிறது. மங்கா, மங்கை, மேலு என்றும் அழைக்கலாம். அலமுவுக்கு இணையான குழைவு எனக்கு மற்றவற்றில் தெரியவில்லை. அது மூன்றே குறில், குழந்தை வாயிலும் தங்கும்.

இனி வடிவங்களை ஒவ்வொன்றாகப் பார்ப்போம்.

அலமேலு என்பது புழங்கித் தேய்ந்து மெருகேறிய வடிவம். கொள்ளுப்பாட்டியின் பெயரை அப்படியே வைப்பதுதான் நோக்கம் என்றால் இதையே வையுங்கள். பிழை என்று யாரும் சொல்ல முடியாது. திரிந்த சொல் எல்லாம் கெட்ட சொல் ஆகிவிடாது. தஞ்சாவூர் தஞ்சை ஆனதை நாம் பிழை என்பதில்லையே. ஒரே குறை, பொருள் வெளியே தெரியாது. "அலமேலு என்றால் என்ன?" என்று பள்ளியில் கேட்டால் குழந்தைக்குப் பதில் தெரிந்திருக்க வேண்டும். அதற்குப் பாசுரத்தின் முதலடியைச் சிறு வயதிலேயே சொல்லிக் கொடுத்துவிடுங்கள்.

அலர்மேல்மங்கை முழு வடிவம். ஏட்டில் எழுத மிக அழகு. இதில் ஒரு சந்தி நுணுக்கம் உண்டு. சொல் + மாலை சொன்மாலை ஆவதுபோல, லகர ஒற்றின் பின் மகரம் வந்தால் லகரம் னகரமாகத் திரியும். அதன்படி அலர்மேன்மங்கை என்று பழைய நூல்களில் பார்த்தால் அச்சுப்பிழை என்று நினைக்க வேண்டாம். அதுவும் சரி, இலக்கணப்படி அதுவே புணர்ந்த வடிவம். ஆனால் ஆளின் பெயராக எழுதும்போது அலர்மேல்மங்கை என்று விட்டுவிடுவதே நல்லது, பொருள் பளிச்சென்று தெரியும். அலர்மேல் மங்கை என்று இடம் விட்டு எழுதினால் ஒரு தொல்லை வரும்: படிவங்களில் முதற்பெயர், கடைசிப்பெயர் என்று இரு கட்டங்கள் இருக்கும்போது மங்கை கடைசிப்பெயராகப் போய் உட்கார்ந்துகொள்ளும். ஒரே சொல்லாகச் சேர்த்தே எழுதுங்கள்.

ஆங்கில எழுத்தில் இன்னொரு சங்கடம். அலர்மேல்மங்கையை வழக்கமான முறையில் எழுதினால் 13 எழுத்துகள் வரும். அதன் முதல் ஐந்து எழுத்துகள் கடிகாரம் எழுப்புகிற அலாரம். தமிழ் தெரியாதவர்கள் கண்ணுக்கு முதலில் படுவது அதுதான். அலர் என்று தொடங்கி மகரம் தொடரும் எல்லா வடிவங்களுக்கும் இந்தச் சிக்கல் உண்டு, அலர்மங்கை, அலர்மொழி உட்பட. தாண்ட முடியாத தடை என்று சொல்ல மாட்டேன். பரதநாட்டியக் கலைஞர் அலர்மேல் வள்ளி அந்தப் பெயரோடுதான் உலக மேடைகளில் ஆடியிருக்கிறார். குழந்தை வேற்று மாநிலத்திலோ வேற்று நாட்டிலோ வளரப்போகிறாள் என்றால் மட்டும் முன்கூட்டியே யோசித்துக்கொள்ளுங்கள்.

அலர் என்று மட்டும் வைப்பதைப் பற்றி. மூன்றே எழுத்து, புதுமையாக இருக்கிறது, பூ என்ற பொருளும் இருக்கிறது. இளம் பெற்றோர்களை இது இழுப்பது புரிகிறது. ஆனால் வைக்குமுன் ஒன்று தெரிந்திருக்க வேண்டும். சங்க அகப்பாடல்களில் அலர் என்றால் ஊர்ப்பேச்சு. தலைவன் தலைவி காதலைப் பற்றி ஊரார் வாய்விட்டுப் பேசும் பழிச்சொல். திருக்குறளில் 115ஆம் அதிகாரத்தின் பெயரே அலரறிவுறுத்தல்தான். இந்தப் பொருளும் பூவிலிருந்து வந்ததே. ஊரார் தமக்குள் முணுமுணுக்கும் நிலை அம்பல், அதாவது மொட்டு. இன்னாருக்கும் இன்னாருக்கும் இடையில் என்று வெளிப்படையாகப் பேசும் நிலை அலர், அதாவது விரிந்த பூ. அழகான உருவகம்தான். ஆனாலும் பெண்ணின் பெயர் தனியாக 'அலர்' என்று நின்றால், அந்த அதிகாரம் வகுப்பில் நடக்கும் நாளில் எல்லோரும் திரும்பிப் பார்ப்பார்கள். மேல், மங்கை, விழி என்று இன்னொரு சொல் சேர்ந்துவிட்டால் பூ என்ற பொருள் உறுதிப்பட்டுவிடும், இந்தச் சிக்கல் இல்லை. அலர்மங்கை, அலர்விழி இரண்டும் நன்றாக இருக்கின்றன. ஆனால் அலர்விழியில் தெய்வமும் கொள்ளுப்பாட்டியும் போய்விடுகிறார்கள், கண்ணழகு மட்டும் மிஞ்சுகிறது.

என் கருத்தைக் கேட்டால், ஏட்டிலும் வாயிலும் அலமேலு, பெயர்சூட்டும்போது காதில் சொல்ல அலர்மேல்மங்கை. குழந்தையின் காதில் மூன்று முறை பெயர் சொல்லும் வழக்கத்தில் முழுத் தமிழ் வடிவத்தைச் சொல்லுங்கள். பரப்பிய அரிசியில் விரலால் எழுதும் வழக்கம் உங்கள் வீட்டில் இருந்தால் அங்கேயும் அதையே எழுதலாம். பதிவேட்டுக்கு அலமேலு. இரண்டு பெயரும் ஒன்றுதான் என்பதால் சிக்கல் வராது.

நட்சத்திர எழுத்துப் பார்க்கும் குடும்பமாக இருந்தால், அ என்பது கார்த்திகை நட்சத்திரம் முதல் பாதத்துக்கு உரிய எழுத்து. உங்கள் குழந்தையின் நட்சத்திரம் வேறாக இருந்தால் அதற்காக இந்தப் பெயரைக் கைவிட வேண்டாம். நட்சத்திர எழுத்தில் ஒரு பெயரைச் சடங்கில் சொல்லிவிட்டு, முன்னோர் பெயரை வழங்கு பெயராக வைத்துக்கொள்வதைப் பல குடும்பங்கள் செய்கின்றன.

மைசூர் சாபக் கதையைக் கேட்டுவிட்டு இந்தப் பெயர் ஆகுமா என்று தயங்குபவர்களும் உண்டு. கதை இதுதான். 1610இல் மைசூர் ராஜா உடையார் ஸ்ரீரங்கப்பட்டணத்தை விஜயநகரப் பிரதிநிதியிடமிருந்து கைப்பற்றினார். அந்தப் பிரதிநிதியின் மனைவி அலமேலம்மா, தேவிக்கு அணிவிக்கும் நகைகளோடு காவிரிக் கரையில் உள்ள தலக்காட்டுப் பக்கம் போனார். நகைகளைக் கேட்டு வீரர்கள் துரத்தி வந்தபோது, தலக்காடு மணலாகட்டும், அருகிலுள்ள மாலங்கி ஆழமான நீர்ச்சுழியாகட்டும், மைசூர் அரசர்களுக்குப் பிள்ளை இல்லாமல் போகட்டும் என்று சபித்துவிட்டுக் காவிரியில் குதித்தார் என்பது வழிவழியாக வரும் செய்தி. தலக்காட்டுக் கோயில்கள் மணலில் புதைந்து கிடந்ததை இன்றும் பார்க்கலாம். சபித்தவள் பெயர் என்பதால் தயக்கம் வருவது இயல்பு. ஆனால் கதையைச் சரியாகக் கேளுங்கள். அநீதி நடந்தது அலமேலம்மாவுக்கு. மைசூர் அரண்மனையே அவருக்கு உருவம் அமைத்துப் பூசை செய்து வந்திருக்கிறது. இதில் பெயருக்கு இழுக்கு ஒன்றும் இல்லை.

பாட்டி பெயரை வைப்பதில் வீட்டுக்குள் வரும் நடைமுறைச் சிக்கல் ஒன்று உண்டு. மாமியார் பெயரை மருமகள் வாயால் சொல்வதில்லை என்ற வழக்கம் இன்னும் பல வீடுகளில் இருக்கிறது. கொள்ளுப்பாட்டி பெயர் என்றால் குழந்தையின் பாட்டிக்கு அது பெரும்பாலும் மாமியார் பெயர். அவர் பேத்தியை எப்படிக் கூப்பிடுவார்? அலமேலு என்று அதட்ட அவருக்கு நா எழாது. அதற்காகவே அந்தக் காலத்தில் கூப்பிடுபெயர் ஒன்று வைத்தார்கள். அலமு என்று சொல்வதற்கும் அவர் கூச்சப்பட்டால் மங்கை என்று கூப்பிடச் சொல்லுங்கள். அதுவும் இதே பெயரின் பாதிதான். தொட்டில் போடும் நாளுக்கு முன்பே இதை அவரிடம் பேசி முடிவு செய்துகொள்வது நல்லது. இல்லாவிட்டால் பாப்பா, அம்மு என்று ஏதாவது ஒட்டிக்கொண்டு, ஆசைப்பட்டு வைத்த பெயர் ஏட்டிலேயே தங்கிவிடும்.

எழுத்துப் பிழைகள் இரண்டு அடிக்கடி வரும். அளமேலு என்று ளகரம் போடுவது ஒன்று. அளம் என்றால் உப்பளம், பொருள் எங்கேயோ போய்விடும். இரண்டு இடத்திலும் ஒரே லகரம்தான். அலமேலூ என்று ஈற்றை நீட்டுவது மற்றொன்று, அதற்கும் தேவையில்லை. ஆங்கிலத்தில் ஏ, எல், ஏ, எம், இ, எல், யூ என்று ஏழு எழுத்தில் முடித்துவிடுங்கள். நடுவில் இ எழுத்தை இரட்டித்தால் அலமீலு என்று படிப்பார்கள். எண் கணிதம் பார்த்து எழுத்தைக் கூட்டுவதானால் பிறப்புப் பதிவுக்கு முன்பே முடிவெடுங்கள். சான்றிதழில் ஒன்று, ஆதாரில் ஒன்று, பள்ளியில் ஒன்று என்று மூன்று விதமாகப் போனால் கடவுச்சீட்டு எடுக்கும்போது அலைய நேரிடும்.

பிறப்பை 21 நாளுக்குள் பதிவு செய்ய வேண்டும். அப்போதே பெயர் சொல்லியாக வேண்டும் என்பதில்லை. பெயர் இல்லாமல் பதிந்துவிட்டு, பதிந்த நாளிலிருந்து 12 மாதத்துக்குள் கட்டணம் இல்லாமல் பெயரைச் சேர்க்கலாம். அதன்பிறகு தாமதக் கட்டணம் செலுத்தி 15 ஆண்டுவரை சேர்க்க முடியும். ஆகவே பெயரில் வீட்டுக்குள் இன்னும் ஒரு முடிவுக்கு வரவில்லை என்றால் அவசரப்பட்டு எதையாவது எழுதிக் கொடுக்காதீர்கள். ஒருமுறை பதிவேறிய பெயரைப் பின்னால் மாற்றுவது சுலபமில்லை. சான்றிதழில் தமிழிலும் ஆங்கிலத்திலும் பெயர் இருக்கும். இரண்டையும் ஒரு தாளில் தெளிவாக எழுதிக் கொடுத்து, அச்செடுக்குமுன் திரையில் ஒருமுறை பார்த்துக்கொள்ளுங்கள். முக்கியமாக, மகரத்துக்கு முன் இருப்பது நெடில் ஏகாரக் கொம்பா, குறில் எகரக் கொம்பா என்று பாருங்கள். தட்டச்சில் அதிகம் தவறுவது அந்த ஒரு கொம்புதான்.